இறங்க அனுமதி இல்லை

“நாலு மணிக்குள்ள விமானத்தை இறக்கிட்டு எழுந்து வரலைன்னா, இந்தப் பழைய பெட்டி ரூமைவிட்டு வெளிய போயிடும். சம்மதமா?” என்றாள் மனைவி.

“சம்மதம் தாயே!” என்று கணவர் ஒரு கும்பிடு போட்டார். மணி மூன்றரைதான் ஆகியிருந்தது.

இருபது வருடத்துக்கு முந்தைய விமான விளையாட்டு அது. விமானம் ஓட்ட இந்த மாதிரிப் பழைய கம்ப்யூட்டர்தான் வேண்டும். இன்னும் நாற்பது பேர் வெவ்வேறு ஊர்களிலிருந்து விடாப்பிடியாக விளையாடினார்கள். சிலர் விமானி, சிலர் கட்டுப்பாட்டுக் கோபுரம். கோபுரம் சொல்லாமல் இறங்கினாலோ, நடுவானில் அணைத்தாலோ குழுவைவிட்டே நீக்கிவிடுவார்கள்.

இறங்க அனுமதி கேட்டார்.

“காத்திருக்கவும். இன்னொரு சுற்று” என்று திரையில் பதில் வந்தது. கோபுரத்தில் இன்று ‘கழுகு’ என்ற பெயர்க்காரர். மூன்று வருடமாக அவரைப் பூப்போல இறக்கிவிடும் ஆள்.

மூன்றே முக்காலுக்கும் அதே பதில்தான். நாலுக்கு ஐந்து நிமிடம் இருக்கும்போது பொறுமை போய்விட்டது. ‘ஐயா, வானத்துல ஈ காக்கா இல்லை. இங்க என் மானம் போகுது!’ என்று தட்டினார்.

“காத்திருக்கவும்.”

நாலு அடித்தது. “இப்போது இறங்கலாம்” என்றது திரை.

பல்லைக் கடித்துக்கொண்டு இறக்கிவிட்டு ஹாலுக்கு வந்தார். மனைவியின் மடியில் லேப்டாப். அதில், ஓடுதளத்தில் நின்றிருந்தது அவருடைய விமானம்.

“அடிப்பாவி! கழுகு நீதானா? அப்புறம் ஏண்டி பெட்டியைத் தூக்கிப் போடச் சொல்ற?”

“தூக்கிப் போடவா? யார் சொன்னா? ஹாலுக்குக் கொண்டு வாங்க. லேப்டாப்ல கோபுரம் மட்டும்தான் ஓடுது. மூணு வருஷமா உங்களை இறக்கி இறக்கி அலுத்துப்போச்சு. நாளையிலேர்ந்து நான் பறக்கறேன். நீங்க கோபுரத்துல உக்காருங்க.”