மச்சானின் கல்

சுனாமிக்குப் பிறகு சாய்ந்தமருதுக் கரையில் கடல் நீலக் கற்களை ஒதுக்கியது. கையில் பொத்திப் பிடித்தால் யாருக்கும் கண்ணீர் வரும்; அதில் உப்பிருக்காது. எங்களுக்கு அழுவதற்குக் கல் தேவைப்படவில்லை. திருப்பிக் கடலிலேயே எறிந்தோம். என் ராத்தாவின் கணவர், மச்சான் சறூக் மட்டும் ஒன்றை வைத்துக்கொண்டார். கடல் கொண்டுபோன ராத்தாவின் மையித்தை நாங்கள் தேடித் திரிந்த கரையில்தான் அதைப் பொறுக்கினார்.

பிறகு கமராவோடு யார் வந்தாலும் அவர் கை சட்டைப்பைக்குள் போகும், கண்ணீர் கொட்டும். அப்படி அழுதே நிவாரணத்தில் இரண்டு வீடு வாங்கினார்; ஒன்றை வாடகைக்கு விட்டார்.

யுத்தம் முடிந்த வருசம் மச்சான் மௌத்தானார். மூடியிருந்த அவர் விரல்களை விரித்துக் கல்லை எடுத்து நானே கடலில் வீசிவிட்டு வந்தேன். குளிப்பாட்டிக் கபனிட்டோம். கண்களுக்கு மேல் கபன் துணி நனைந்தது. மாற்றினோம். அதுவும் நனைந்தது.

"என்ன தம்பி, இன்னும் அழுறாரே?" என்றார் குளிப்பாட்டிய லெப்பை.

"வாசல்ல ஆரும் கமராவோட நிக்கிறாங்களா எண்டு பாருங்க."

அவர் உண்மையாகவே எட்டிப் பார்த்தார். யாருமில்லை.

சந்தூக்கைத் தூக்கினோம். மையவாடி வரைக்கும் என் தோளில் சொட்டிக்கொண்டே வந்தது. ஒரு சொட்டு உதட்டில் பட்டது.

அதில் உப்பே இல்லை.