பதினேழாம் எண் அங்கி

காட்டுப் பூவுக்கும் கணக்குப் பாராமல் உடை உடுத்தும் ஆண்டவருக்குத் தோத்திரம் உண்டாவதாக.

அந்தக் கன்னியர் மடத்துத் தலைவியோ உடை விஷயத்தில் மிகவும் கறார். கிழிந்த அங்கியைக் கொண்டுவந்து காட்டினால்தான் புதியது கிடைக்கும். எல்லா அங்கிகளும் ஒரே வெள்ளை, ஒரே தையல். சலவையில் மாறிவிடாதிருக்க, கழுத்துப் பட்டையின் உட்புறம் சிவப்பு நூலில் அவரவர் எண் தைத்திருக்கும்.

சனிக்கிழமைக் கூட்டத்தில் தலைவி ஓர் அங்கியைத் தூக்கிப் பிடித்தார். எண் 17. சலவைச் சிஸ்டருடையது.

"வருஷத்துக்கு ரெண்டு. இந்தத் தடவை முழங்கால்ல கிழிசல், போன தடவை முழங்கையில. கூடவே மைக்கறை வேற. துணி துவைக்கிற இடத்துல மேசை எங்கேருந்து வந்துச்சு சிஸ்டர்? முழங்கையை ஊன்றிக்கிட்டு நாள் பூரா கனவு காண்றீங்களோ?"

கூடம் வாய்பொத்திச் சிரித்தது. சலவைச் சிஸ்டரும் சிரிப்பை அடக்கப் படாத பாடு பட்டார். அதுதான் தலைவிக்கு இன்னும் எரிச்சலை மூட்டியது.

தோட்டத்துச் சிஸ்டரைப் பாருங்கள் என்றார். அவரும் சலவைச் சிஸ்டரும் ஒரே நாளில் துறவற வார்த்தைப்பாடு கொடுத்தவர்கள், நகமும் சதையுமான தோழிகள். பொழுதெல்லாம் முட்செடிகளுக்கிடையே மண்டியிட்டு வேலை செய்தும், ஒன்பது வருடமாக அவர் புது அங்கி கேட்டதே இல்லை. ஏழ்மை வார்த்தைப்பாடு என்றால் அதுவல்லவா? தாமும் இங்கே வந்த மூன்று வருடமாக ஒன்றும் கேட்கவில்லை என்பதை, தற்பெருமை ஆகிவிடாத அளவுக்கு மெல்லிய குரலில் சேர்த்துக்கொண்டார்.

பிறகு முகத்தைத் திருப்பிக்கொண்டே, 17 என்று எண் தைத்த புதிய அங்கியை நீட்டினார்.

திங்கட்கிழமை காலை, மைப்பேனாவைத் திறந்து மாற்றல் கடிதம் எழுதினார். தோழியிடமிருந்து பிரித்துத் தொலைதூர மடத்துக்கு அனுப்பினால் சலவைச் சிஸ்டருக்குப் புத்தி வரும். கையெழுத்திடுமுன் நேரில் ஒரு வார்த்தை சொல்லிவிடலாமென்று, கடிதமும் கையுமாகச் சலவைக்கூடத்துக்குப் போனார்.

சலவைச் சிஸ்டர் ஜன்னலோரம் உட்கார்ந்து, அந்தப் புது அங்கியின் பட்டையில் 7-ஐப் பிரித்துவிட்டு 2 தைத்துக்கொண்டிருந்தார். பன்னிரண்டு, தோட்டத்துச் சிஸ்டரின் எண். உடுத்தியிருந்த அவருடைய சொந்த அங்கியிலோ தோளில் இரண்டு ஒட்டு.

கையும் களவுமாகப் பிடிபட்டபின் அவர் எதையும் மறைக்கவில்லை.

"அவ கேக்க மாட்டா மதர். கேட்டா வார்த்தைப்பாடு போச்சுன்னு ரெண்டு நாள் சோறு இறங்காது. அதான், அவ கிழிசல்ல என் நம்பரைத் தைச்சு உங்ககிட்ட காட்டிடுவேன். புதுசை நாலு தடவை அலசி அவ அலமாரியில வெச்சுடுவேன்."

"அவங்களுக்குத் தெரியவே தெரியாதா?"

"நான் ரொம்ப நல்லா துவைக்கிறேன்னு நினைச்சிட்டிருக்கா."

தலைவிக்கே சிரிப்பு வந்துவிட்டது. கடிதத்தை மடித்துக் கைக்குள் மறைத்துக்கொண்டார். வாசல்வரை போனவர், ஏதோ உறுத்தத் திரும்பினார்.

"முழங்கால் கிழிசல் அவங்களோடது, சரி. அந்த மைக்கறை முழங்கை?"

சலவைச் சிஸ்டர் நூலைப் பல்லால் கடித்து அறுத்தார்.

"கீழ்ப்படிதல் வார்த்தைப்பாடு இருக்கு மதர். அது யாரோடதுன்னு நீங்க கேட்டா நான் சொல்லித்தான் ஆகணும். தயவுசெஞ்சு கேக்காதீங்க."

தலைவி கேட்கவில்லை.

அறைக்குத் திரும்பிக் கடிதத்தைக் கிழித்துப் போட்டார். வழக்கம்போல் மைப்புட்டியின் அருகே மேசையில் முழங்கையை ஊன்றினார். சுட்டுவிட்டாற்போல் எடுத்தார். எழுந்து கதவைத் தாழிட்டு, அங்கியைக் கழற்றிக் கழுத்துப் பட்டையைத் திருப்பினார்.

சிவப்பு நூலில் அவருடைய எண், 1. அதன் பக்கத்தில், பிரித்தெடுத்த 7-இன் ஊசித் துளைகள்.

இதைக் கேட்கும் ஒவ்வொருவருக்கும், இப்படி நன்றாகத் துவைக்கத் தெரிந்த ஒரு தோழியை ஆண்டவர் அருள்வாராக. ஆமென்.