அலமாரி மாறிய நாவல்

"இந்த நாவலை எதுக்கு வரலாற்று அலமாரியில வெச்சிருக்கீங்க?" வந்தவர் புத்தகத்தை மேசைமேல் தொப்பென்று போட்டார்.

நூலகர் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டார். "நம்ம பள்ளத்தாக்குல வெள்ளம் வந்தது நிஜம்தானே, சார்?"

"வெள்ளம் நிஜம். ஆனா இந்த நாவல்ல ஒரு தபால்காரர் பெண்டாட்டியை விட்டுட்டு, முதல் ஆளா மலைமேல ஓடுறாரே... அது பச்சைப் புளுகு!"

"கையில ரேடியோவை மட்டும் தூக்கிட்டு ஓடினார்னு எழுதியிருக்கு."

"அது கைக்கு எட்டுற இடத்துல இருந்துச்சு!" என்றவர் நாக்கைக் கடித்துக்கொண்டார். "இருந்திருக்கும்னு சொல்றேன். தபால் கொடுக்கப் போனா வீட்டுக்கு வீடு, 'ரேடியோ நல்லாப் பாடுதா?'ன்னு கேக்குறாங்க. முதல்ல இதைக் கதை அலமாரிக்கு மாத்துங்க."

நூலகர் புகார் நோட்டை நீட்டினார். வந்தவர் அரைப்பக்கம் எழுதித் தள்ளினார். நூலகர் நிதானமாகப் படித்துவிட்டு, அடியில் பதில் எழுதினார்: 'புகார் ஏற்கப்படவில்லை. நேரில் பார்த்த சாட்சி உண்டு.'

"யார் அந்தச் சாட்சி?"

"புத்தகத்தை எழுதினவதான். இடுப்பளவு தண்ணியில நின்னு, 'ஏங்க, நானும் வர்றேங்க'ன்னு கத்தினவ."

அவர் சுற்றும்முற்றும் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "அதுக்காக ஒரு புத்தகமே எழுதுவியாடி?"

நூலகர் நோட்டை மூடினார். "ஆறு மணிக்குப் பூட்டிடுவேன். இன்னிக்காவது நான் வர்ற வரைக்கும் நில்லுங்க."