சுருள் தீரும்வரை

காலிக் கிடங்கின் தகரக் கூரை ஓட்டைகள் வழியாக மதிய வெயில் வட்ட வட்டமாகத் தரையில் விழுகிறது. நாடக நடிகரான என் கணவர் ஒரு வெற்று நாற்காலியின் முன் நிற்கிறார். நடனக்காரி அவரைச் சுற்றிப் புழுதியில் உருண்டுகொண்டிருக்கிறாள். கேமராவுக்குப் பின்னால் நான். இந்தப் படத்துக்கு எழுதிவைத்த வசனம் கிடையாது. வாயில் வருவதைப் பேசலாம். ஆனால் ஃபிலிம் சுருள் தீரும்வரை யாரும் நிறுத்தக் கூடாது என்பது இயக்குநரின் சட்டம். "இனிமே அந்த வீட்டுக்கு நான் வரமாட்டேன்," என்கிறார் கணவர், நாற்காலியைப் பார்த்து. மேடையில் தொண்டை கிழியக் கத்துகிறவர், பால் வாங்கி வரச் சொல்வதுபோல் இதைச் சொல்கிறார். சுருளில் இன்னும் ஒரு நிமிடம் இருக்கிறது. அவர் சட்டைப் பையிலிருந்து எதையோ எடுத்து நாற்காலியில் வைக்கிறார். நடனக்காரி உருளுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்க்கிறாள். "பிரமாதம்," என்று இயக்குநர் என் காதருகே கிசுகிசுக்கிறார். "முகம் வேணாம்மா, அந்தப் பொருள் மேல போ." பழக்கப்பட்ட விரல் லென்ஸைத் திருப்புகிறது. மங்கலாக இருந்தது மெல்லத் தெளிகிறது: எங்கள் வீட்டுச் சாவி, நான் கட்டிக்கொடுத்த நீல நூலோடு. கை நடுங்கினால் படமும் நடுங்கிவிடும். மூச்சைப் பிடித்துக்கொண்டு, அசையாமல் எடுத்துக்கொண்டிருக்கிறேன்.