காவலுக்கு வந்த பிள்ளையார்

வாவிக்கரைக் கடையின் குத்தகையை இனிப் புதுப்பிக்க முடியாது, மாதக் கடைசிக்குள் இடத்தை விட வேண்டும் என்று பிரதேச சபை சொல்லிவிட்டது.

வழக்குப் பேசத் தவராசாவுக்கு வசதி இல்லை, மூளை இருந்தது. கடைக்குப் பக்கத்து அரசமரத்தடியில் ஒரு பிள்ளையாரைக் கொண்டுவந்து வைத்தார்.

“இதென்ன புதினம்?” என்றாள் மனைவி புஸ்பம்.

“கோயில் இருக்கிற இடத்தில எவன் கை வைப்பான்? பாத்துக்கொண்டிரு.”

வெள்ளிக்கிழமை சனம் கூடியது. அடுத்த வெள்ளி பொங்கினார்கள். அரிசி கொடுத்தது தவராசாதான். கோயிலுக்கென்று ஊரார் ஒரு நிருவாகமும் அமைத்தார்கள்.

மாதக் கடைசியில் சபை உத்தியோகத்தர் வந்தார். சப்பாத்தைக் கழற்றிவிட்டுப் பிள்ளையாரைக் கும்பிட்டார்.

“கோயிலில நாங்க கை வைக்க மாட்டம். இந்த இடம் இனிப் பிள்ளையாருக்குத்தான்.”

தவராசா புஸ்பத்தைப் பெருமையாகப் பார்த்தார். “அப்ப என்ட கடை?”

“அத இண்டைக்கே எடுக்கட்டாம் சபைத் தவிசாளர். கோயில் நிருவாகம் ஊரோட வந்து நிண்டு கேட்டது.”

“பிள்ளையார வச்சதே நான்தானே!”

உத்தியோகத்தர் மூக்கைப் பொத்தியபடி கடையைக் காட்டினார்.

“அதுக்காக, சாமிக்கு முன்னால கருவாடு விக்கலாமா அண்ணன்?”