பெற்றுக்கொண்டேன்

ஜான்சி இன்னும் இருக்கையை விட்டு எழுந்திருக்கவில்லை.

மனு கொடுக்க வருகிறவர்கள் நிற்கும் இடத்தில், மேசைக்கு எதிரே, ஜான்சியின் இடத்துக்கு வந்திருந்த அவள் நின்றாள். கையில் பணி நியமன ஆணை. நான்கு வருடம் தாமதமாக வந்தது.

தாலுகா அலுவலகத்தில் யாரும் அவளை உட்காரச் சொல்லவில்லை.

ஜான்சிக்கு மட்டும் டீ வந்தது. கேட்காமலே வந்தது. சர்க்கரை போடாமல், அதுவும் சொல்லாமலே.

அவள் அந்த டம்ளரையே பார்த்தாள். இந்த டீகூட நான்கு வருடமாகத் தனக்கு வந்திருக்க வேண்டியது.

தேர்வில் இரண்டு பேருக்கும் நடுவே ஒரே ஒரு கேள்விதான். பட்டியலின் கடைசிப் பெயராக ஜான்சி உள்ளே போனாள். அடுத்த பெயரான அவள் வெளியே நின்றாள்.

பிறகு யாரோ வழக்குப் போட்டார்கள். அந்தக் கேள்விக்கான விடைக்குறிப்பே தவறு என்று நிபுணர் குழு சொன்னது. பட்டியல் திருத்தப்பட்டது.

இப்போது அவள் உள்ளே. ஜான்சி வெளியே.

பெயரைத் தேடிக் கண்டுபிடித்த நாளிலிருந்து அவள் ஜான்சியை விட்டதில்லை. எல்லாம் ஃபேஸ்புக்கில்தான். கழுத்தில் அடையாள அட்டையோடு ஜான்சி. ஆயுத பூஜையன்று இதே மேசைக்கு முன்னால் ஜான்சி. புது ஸ்கூட்டரில் ஜான்சி. கல்யாணப் பத்திரிகையில், பெயருக்குக் கீழே, 'இளநிலை உதவியாளர்'.

ஜவுளிக்கடையில் பில் போட்டுக்கொண்டே அத்தனையும் பார்த்தாள். ஒன்றுக்கும் லைக் போட்டதில்லை.

இன்றைக்கு நேரில் பார்த்ததும் முதலில் தேடியது, அழுத முகமா என்றுதான். அழுத முகம்தான்.

அதுவும் அவளுக்குப் போதவில்லை.

"பாவம், ஜான்சி ஒரு தப்பும் பண்ணல," என்றார் பின்மேசைக்காரர், யாரிடமோ சொல்வதுபோல.

தான் மட்டும் என்ன தப்பு செய்தோம் என்று அவளுக்குக் கோபம் வந்தது. அந்த நான்கு வருடத்தில் தன்னைப் பாவம் என்று சொல்ல ஒரு ஆள் இருந்ததில்லை.

ஜான்சி எழுந்தாள். "உட்காருங்கக்கா."

கோப்புகளை ஒவ்வொன்றாக எடுத்து வைத்தாள். கடைசியாகத் தன்பதிவேடு. மேசைக்கு வரும் தபாலையெல்லாம் எழுதிவைப்பது. பெயர்தான் தன்பதிவேடு. ஆள் போனாலும் அது போகாது.

நான்கு வருடமும் ஒரே கையெழுத்து. ஒரு அடித்தல் இல்லை.

நாளையிலிருந்து அதற்குக் கீழே தன் கோழிக்கிறுக்கல் வரும். பார்க்கிறவர்கள் சும்மா இருப்பார்களா?

வாசலில் ஒரு பெரியவர் எட்டிப் பார்த்தார்.

"ஜான்சியம்மா, நம்ம மனு என்னாச்சு?"

"அடுத்த வாரம் வாங்கய்யா. இந்த அக்கா பாப்பாங்க."

பெரியவர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு ஜான்சியிடம், "நீங்க லீவாம்மா?"

"ஆமாய்யா."

ஒப்படைப்புப் படிவத்தில் 'ஒப்படைத்தேன்' என்ற இடத்தில் ஜான்சி கையெழுத்திட்டாள். 'பெற்றுக்கொண்டேன்' என்ற இடத்தில் அவள் இட்டாள். எத்தனையோ முறை மனதுக்குள் போட்டுப் பார்த்த கையெழுத்து. கோணிக்கொண்டு போனது.

முடிந்தது. ஜான்சி கிளம்பட்டும் என்று காத்திருந்தாள்.

ஜான்சி கிளம்பவில்லை.

"அக்கா, ஒண்ணு கேக்கலாமா? தப்பா எடுத்துக்காதீங்க."

"கேளுங்க."

"நாற்காலி எவ்வகைப் பெயர்னு ஒரு கேள்வி. அதுலதான் நான் போனேன். நாலு கால் இருக்கிறதால நாற்காலி, அப்ப காரணப்பெயர்னு வரிவரியா படிச்சு வச்சிருந்தேன். இப்ப காரணச் சிறப்புப்பெயர்னு சொல்லிட்டாங்க. நீங்க அதை அன்னைக்கே எப்படிக்கா கண்டுபிடிச்சீங்க?"

வேறு சொல்லே அகப்படவில்லை போலிருக்கிறது, கேள்வி கேட்டவர்களுக்கு.

அவள் எதையும் கண்டுபிடிக்கவில்லை. தெரியாத கேள்விக்கெல்லாம் ஒரே எழுத்தை நிரப்பு, 'விடை தெரியவில்லை' என்ற வட்டத்தை மட்டும் தொடாதே என்று பயிற்சி மையத்தில் சொல்லியிருந்தார்கள். கடைசி ஐந்து நிமிடத்தில் பதினெட்டுக் கேள்விக்கு வரிசையாக 'சி' நிரப்பினாள். நாற்காலி அதில் ஒன்று. படித்துக்கூடப் பார்க்கவில்லை.

சொல்லியிருக்கலாம். சிரித்துக்கொண்டே சொல்லியிருக்கலாம்.

படித்துவிட்டுப் போட்டவளிடம் படிக்காமல் போட்டேன் என்று சொல்ல நாக்கு எழவில்லை. இந்த ஒன்றிலாவது ஜான்சிக்கு மேலே இருக்க வேண்டும் என்று இருந்தது.

"மேசைக்கும் நாலு கால்தானே. அதை நாற்காலின்னா சொல்றோம்?" பத்திரிகையில் வந்த நிபுணர் குழு விளக்கத்தைத் தன்னுடையதுபோலச் சொன்னாள். "ஒரு இலக்கண புக்குல படிச்சேன்."

ஜான்சியின் முகம் மலர்ந்தது.

"என்ன புக்குக்கா?"

எதிர்ச் சுவரில் தினசரி காலண்டர். அடியில், பொடி எழுத்தில், அச்சடித்தவர் பெயர்.

"பொன்மாறன் பதிப்பகம். பழைய புக். தேடணும்."

ஜான்சி கைப்பையிலிருந்து ஒரு துண்டுத்தாளை எடுத்து, மேசை ஓரத்தில் குனிந்து எழுதினாள்.

"அடுத்த பரீட்சை பிப்ரவரியில வருதாம்க்கா. இந்தத் தடவை கோட்டை விட்டுடக் கூடாது." பாதியில் பேனா நின்றது. நிமிராமலே கேட்டாள். "மாறனுக்குப் பெரிய ற தானே?"

அவள் மறுபடி காலண்டரைப் பார்த்தாள்.

"ஆமா," என்றாள். "பெரிய ற."