சம்பந்தி வந்த நாளில் ஏசி

“ஏப்பா அஸாருதீன், போன வாரம் சர்வீஸ் பண்ணுனியா, இல்ல இருந்த கேஸையும் புடுங்கிட்டுப் போனியா?”

ஜெயபிரகாஷ் போட்ட சத்தத்தில், ஏசி மெக்கானிக் தோளில் இருந்த பையை இறக்கி வைக்கக்கூட மறந்து நின்றான்.

சத்தம் என்னவோ அவனுக்காக இல்லை. சோபாவில் பேப்பரை மடித்து விசிறிக்கொண்டிருந்த சம்பந்திக்காக.

மகள் அபிநயாவுக்கு நிச்சயம் முடிந்து, மாப்பிள்ளை வீட்டார் முதல் தடவையாக விருந்துக்கு வந்திருக்கிறார்கள். நாமக்கல் வெயிலோ மண்டையைப் பிளக்கிறது. ஏசி அனலாக ஊதுகிறது. நாலு லாரிக்கு ஓனர், மானம் போகாதா?

“நல்லாத்தானுங்கண்ணா பண்ணுனேன். மேல போய்ப் பாத்துட்டு வாரேனுங்க.”

“பாரு, பாரு! எனக்குத் தெரியாத மெசினா? சத்தத்தை வெச்சே எந்த போல்ட்டு லூசுன்னு சொல்றவன் நான்!”

சம்பந்தி மரியாதையாகத் தலையாட்டினார். ஜெயபிரகாஷின் நெஞ்சு அரைச் சாண் நிமிர்ந்தது.

மொட்டை மாடிக்குப் போனவன் கால் மணி நேரத்தில் இறங்கி வந்தான். அறை மெல்ல ஜில்லிட ஆரம்பித்தது.

“என்னப்பா கோளாறு?”

அஸாருதீன் ஒரு கணம் சம்பந்தியைப் பார்த்தான். “நாந்தானுங்க ஒரு ஸ்குருவைச் சரியா முடுக்காம விட்டுட்டேன். தப்பு என்னுதுதானுங்க.”

“பாத்தீங்களா சம்பந்தி? இவனுங்களை இப்படி மெரட்டுனாத்தான் வேலை நடக்கும்!”

அவன் பையைத் தோளில் மாட்டி, வண்டியைக் கிளப்பிக்கொண்டு போனான்.

சாப்பாடு முடிந்து சம்பந்தி குளுகுளுவென்று கண்ணயர்ந்ததும், ஜெயபிரகாஷ் மாடியேறினார். ஏசியின் வெளிப்பெட்டிக்குப் பக்கத்தில் அவருடைய லாரித் தார்ப்பாய் பாந்தமாக மடித்து வைக்கப்பட்டிருந்தது.

அட ஈஸ்வரா! மூணு நாளைக்கு முன்னால், ‘பாவம், பெட்டி வெயிலில் காயுதே’ என்று, நெல் லோடுக்குக் கட்டுகிற மாதிரி நாலு பக்கமும் இறுக்கிக் கட்டியது சாட்சாத் அவரேதான். மூச்சுவிட வழியில்லாமல் கட்டிப்போட்டால் எந்த மெசின் குளிரும்? இதில் போல்ட்டு சத்தம் வேறு தெரியுமாம்!

கூசிப்போய் போன் போட்டார்.

“தம்பி, அந்தத் தார்ப்பாயைக் கட்டுன மடையன் நாந்தான்ப்பா. கீழயே சொல்லியிருக்கலாமில்ல?”

“எப்படிங்கண்ணா சொல்றது? என்னைத் திட்டுனது நாளைக்கு யாருக்கும் ஞாபகம் இருக்காதுங்க. உங்களைப் பாத்து அவங்க சிரிச்சிருந்தா, உங்க பாப்பா அந்த ஊட்டுல ஆயுசுக்கும் அந்தக் கேலியைக் கேக்கோணுமேங்க!”